அண்ணாதுரையைப் படிக்காமலிருப்பதற்குச் சில காரணங்கள்

தமிழ் இலக்கிய வாசகர்கள் தமக்குள் எதிலும் உடன்படுவதில்லை. மௌனியா, புதுமைப்பித்தனா என்று கேட்டுவிட்டால் விடியும்வரை சண்டை ஓயாது. ஆனால் சி.என். அண்ணாதுரை என்ற பெயர் வந்த மாத்திரத்தில் ஆச்சரியமான ஓர் ஒற்றுமை எங்கிருந்தோ முளைத்துவிடும். பெரிய பேச்சாளர், சாமர்த்தியமான அரசியல்வாதி, சினிமாவுக்கு வசனம் எழுதியவர், இலக்கியத்தோடு அவருக்கு என்ன சம்பந்தம் என்று முடித்துவிடுவார்கள். இப்படித் தீர்ப்பு வழங்குபவர்களிடம், ‘ரங்கோன் ராதா’ படித்திருக்கிறீர்களா என்று நாம் பலமுறை கேட்டுப் பார்த்திருக்கிறோம். படம் பார்த்திருக்கிறேன் என்பதுதான் பெரும்பாலும் கிடைத்த பதில். 1956இல் வெளிவந்த அந்தப் படத்துக்குத் திரைக்கதை வசனம் எழுதியவர் அண்ணா அல்லர், மு. கருணாநிதி.

நம்மிடம் எந்தக் கட்சியின் உறுப்பினர் அட்டையும் கிடையாது. அண்ணாவின் நாவல்களில் பாதி நமக்குப் பிடிக்கவில்லை என்பதையும் இப்போதே சொல்லிவிடுகிறோம். நம் வழக்கு அவரை மேலே ஏற்றுவதற்கானது என்று யாரும் எண்ணிவிட வேண்டாம். 1934இல் ஆனந்த விகடனில் ‘கொக்கரக்கோ’ என்ற முதல் சிறுகதையை வெளியிட்டு, அதன்பின் கால் நூற்றாண்டுக்கும் மேலாகக் கதை, நாவல், நாடகம், திரைப்படம் என்று எழுதிக் குவித்த ஒருவரைப் பற்றித் தமிழ் விமர்சனத்திடம் உருப்படியான கணக்கு ஏதும் இல்லையே என்பதுதான் நம் ஆற்றாமை. வாசித்துவிட்டு நிராகரிப்பது விமர்சனம். வாசிக்காமலே நிராகரிப்பதற்கு வேறு பெயர் உண்டு. அந்தப் பெயரை நாம் வழக்கமாக வெகுஜன ரசனையின் மீதுதான் பிரயோகித்து வந்திருக்கிறோம்.

காஞ்சிபுரத்தில் 1909 செப்டம்பர் 15ஆம் நாள் ஒரு நெசவாளர் குடும்பத்தில் பிறந்தவர் அண்ணா. உள்ளூர்ப் பச்சையப்பன் பள்ளியில் படித்தார். வீட்டு நிலைமை காரணமாக நகராட்சி அலுவலகத்தில் சிறிது காலம் எழுத்தராக வேலை பார்த்தார். பிறகு சென்னைப் பச்சையப்பன் கல்லூரிக்குச் சென்று பொருளியலும் அரசியலும் பயின்றார். ‘விடுதலை’, ‘குடி அரசு’ ஆகியவற்றின் ஆசிரியர் குழுவில் இருந்துவிட்டு, 1942இல் காஞ்சிபுரத்திலிருந்தே ‘திராவிட நாடு’ வார இதழைத் தொடங்கினார். நாவலாசிரியர் அண்ணா பிறந்தது அங்கேதான் என்று நாம் கருதுகிறோம். வாரந்தோறும் பக்கங்களை நிரப்ப வேண்டிய ஆசிரியர் தலையங்கமும் எழுதினார், தொடர்கதையும் எழுதினார். ‘கலிங்கராணி’, ‘பார்வதி பி.ஏ.’, ‘ரங்கோன் ராதா’ என்று வரிசையாக வந்தன. சௌமியன், பரதன் என்று புனைபெயர்களும் வைத்துக்கொண்டார். ஒரே ஆள் நான்கு ஆள்போலத் தோன்ற வேண்டிய நெருக்கடி சிறுபத்திரிகை நடத்தியவர்களுக்குப் புரியாத ஒன்றல்ல. அச்சகம், காகிதம், சந்தா பாக்கி, அடுத்த வாரத் தொடர் என்ற இந்த வாழ்க்கை முறையில் ‘மணிக்கொடி’க்கும் ‘திராவிட நாடு’க்கும் நாம் நினைப்பதைவிட உறவு நெருக்கமானது.

தொடர்கதைக்குப் பிறகு நாடகம் வந்தது. 1943இல் ‘சந்திரோதயம்’. 1945இல் ‘சிவாஜி கண்ட இந்து ராஜ்யம்’. அதில் சிவாஜியாக நடித்த வி.சி. கணேசனுக்குப் பெரியார் வழங்கிய பட்டம் பின்னர் அவர் பெயராகவே ஆயிற்று. காகபட்டராக நடித்தவர் அண்ணாவே. ‘வேலைக்காரி’யும் ‘ஓர் இரவு’ம் கே.ஆர். ராமசாமியின் குழுவுக்காக எழுதப்பட்டு மேடையில் ஓடிய பிறகுதான் படங்களாயின. ஆகவே அவரது எழுத்தின் பாதை வார இதழிலிருந்து மேடைக்கும், மேடையிலிருந்து திரைக்கும் சென்றது. சினிமாவில் சம்பாதித்துக்கொண்டு ஓய்வு நேரத்தில் நாவல் எழுதியவர் என்ற சித்திரம் காலவரிசையைப் பார்த்த மாத்திரத்தில் உடைந்துவிடும்.

இனி, சினிமா என்ற குற்றச்சாட்டுக்கு வருவோம்.

சினிமாவுக்கு எழுதியதால் ஒருவர் இலக்கியத்திலிருந்து விலக்கப்படுவார் என்றால் விலக்கு முதலில் யார்மீது பாய வேண்டும்? கல்கியின் ‘தியாகபூமி’ 1939இல் விகடனில் தொடராக வந்தபோதே கே. சுப்ரமண்யம் எடுத்துக்கொண்டிருந்த படத்தின் புகைப்படங்களோடுதான் வந்தது. கல்கியை நாம் வெகுஜன எழுத்தாளர் என்று முன்பே தள்ளிவிட்டோம், ஆகவே அது கணக்கில் வராது என்பார்கள். சரி. புதுமைப்பித்தன்? ஜெமினியின் ‘அவ்வையா’ருக்காக வேலை பார்த்தார். தாமே படக் கம்பெனி தொடங்க முயன்றார். எம்.கே. தியாகராஜ பாகவதரின் ‘ராஜமுக்தி’க்கு வசனம் எழுதப் பூனாவுக்குச் சென்று, காசநோய் முற்றித் திரும்பி, 1948இல் மறைந்தார். இதை நாம் ஒரு மேதையின் துயரக் கதையாகச் சொல்லிக் கண்ணீர் விடுகிறோம். விடவேண்டியதுதான். பி.எஸ். ராமையா? ‘மணிக்கொடி’யைச் சிறுகதை இதழாக நடத்திய அதே ராமையா நாற்பதுகளில் படங்களுக்கு எழுதினார், இயக்கவும் செய்தார். பிற்பாடு அவரது மேடை நாடகமான ‘போலீஸ்காரன் மகள்’ 1962இல் ஸ்ரீதர் இயக்கத்தில் படமாயிற்று. இதெல்லாம் சி.சு. செல்லப்பாவுக்குத் தெரியாதா? தெரிந்தேதான் ராமையாவின் சிறுகதைப் பாணியைப் பற்றித் தனி நூலே எழுதினார். செல்லப்பா ராமையாவுக்குச் செய்தது சரி. ஒரு படைப்பாளியின் சினிமா ஒரு பக்கம் இருக்க, அவர் சிறுகதையைச் சிறுகதையாக எடுத்துவைத்து வரிவரியாகப் பார்த்தார். அண்ணாவுக்கு அப்படி ஒரு செல்லப்பா கிடைக்கவில்லை.

ஜெயகாந்தனையும் இங்கே நினைத்துக்கொள்ள வேண்டும். 1969 பிப்ரவரியில் அண்ணா மறைந்த பிறகு அவர் ஆற்றிய கடுமையான உரை இன்றும் இலக்கிய வட்டங்களில் சுற்றிக்கொண்டிருக்கிறது. துக்கத்தின் பெயரால் எல்லோரும் வாய்மூடி நின்ற வேளையில் பேசிய துணிச்சலை நாம் மதிக்கிறோம். ஆனால் அதை ஓர் இலக்கிய விமர்சனமாக எடுத்துக்கொண்டு அதோடு கடையைச் சாத்திவிடுவது என்ன நியாயம்? ‘உன்னைப்போல் ஒருவன்’ என்ற தம் நாவலை 1965இல் தாமே படமாக்கியவர் ஜெயகாந்தன். ‘சில நேரங்களில் சில மனிதர்கள்’ 1977இல் படமானபோது அதன் வசனத்தை வாசகர்கள் நாவலின் நீட்சியாகவே கொண்டாடினார்கள். ஜெமினி ஸ்டுடியோவில் பல்லாண்டு வேலை பார்த்த அசோகமித்திரன் அந்த உலகத்திலிருந்துதான் ‘கரைந்த நிழல்கள்’ நாவலைக் கொண்டுவந்தார். இன்றைக்கோ நிலைமை தலைகீழ். ஜெயமோகனும் எஸ். ராமகிருஷ்ணனும் படங்களுக்கு எழுதுகிறார்கள். ‘அங்காடித் தெரு’வும் ‘பொன்னியின் செல்வ’னும் வெளியாகும்போது இலக்கிய வாசகர்கள் முதல் நாளே டிக்கெட் வாங்குகிறார்கள், எழுத்தாளர் பெயர் திரையில் வரும்போது கைதட்டுகிறார்கள். யாருடைய நாவலும் அதனால் அலமாரியிலிருந்து இறக்கப்படவில்லை. இறக்கப்பட வேண்டியதும் இல்லை. அமெரிக்காவில் வில்லியம் ஃபாக்னர் ஹாலிவுட்டில் கூலிக்கு எழுதினார். ‘தி பிக் ஸ்லீப்’ படத்தின் திரைக்கதையில் அவர் பெயரும் இருக்கிறது. அதைக் காரணம் காட்டி அவருடைய 1949ஆம் ஆண்டு நோபல் பரிசை யாரும் திருப்பிக் கேட்கவில்லை.

ஆகவே சினிமா என்பது சாக்கு. உண்மையான காரணம் கட்சி. அண்ணாவைப் படித்தால் திராவிட அரசியலுக்குச் சான்றிதழ் கொடுத்ததாகிவிடுமோ என்ற அச்சம் ஒரு பக்கத்தில் இருக்கிறது. அதை வெளிப்படையாகச் சொல்லக் கூச்சமாக இருப்பதால் ‘சினிமா வசனம்’ என்ற சொல் கைக்கு வருகிறது.

அந்தச் சினிமா வசனத்தையே சற்று நின்று பார்ப்போமே. 1949இல் அவர் எழுத்தில் இரண்டு படங்கள் வந்தன. என்.எஸ். கிருஷ்ணனுக்காக எழுதிய ‘நல்லதம்பி’ ஃபிராங்க் காப்ராவின் ‘மிஸ்டர் டீட்ஸ் கோஸ் டு டவுன்’ என்ற 1936ஆம் ஆண்டு அமெரிக்கப் படத்தைத் தழுவியது. அதைப் பற்றி அதிகம் சொல்ல நம்மிடம் ஒன்றுமில்லை. கலைவாணரின் ‘கிந்தனார்’ காலட்சேபத்துக்காக இன்றும் பார்க்கலாம். ‘வேலைக்காரி’ வேறு ரகம். ஜூபிடர் பிக்சர்ஸ் தயாரித்து, ஏ.எஸ்.ஏ. சாமி இயக்கிய படம். வட்டிக்குக் கடன் கொடுத்து ஓர் ஏழையைத் தூக்கில் தொங்கும் நிலைக்குத் தள்ளிவிடும் வேதாசல முதலியார். தந்தையின் பிணத்தைப் பார்த்துவிட்டுப் பழிவாங்கப் புறப்படும் ஆனந்தன். கத்தியை எடுக்க வேண்டாம், மூளையைப் பயன்படுத்து என்று தடுக்கும் நண்பன் மணி. வேடமாற்றம், நீதிமன்றம், எதிர்பாராத சந்திப்பு என்று மிகைநாடகத்தின் அத்தனை சாமான்களும் உண்டு. காளி கோயிலில் ஆனந்தன் தெய்வத்தையே நிறுத்திவைத்துக் கேள்வி கேட்கும் காட்சி அன்று பெரிய கலவரத்தை மூட்டியது. கோயில்களால் ஆன ஊரில் வளர்ந்த ஒருவர் அந்தக் காட்சியை எழுதினார் என்பதில் பொருள் இருக்கிறது. வெளியாள் எழுதியிருந்தால் அது வெறும் நாத்திகப் பிரசங்கமாக நின்றிருக்கும். ஆனந்தன் பேசுவது நம்பிக்கையற்றவனின் பேச்சு அன்று. நம்பிப் பூசை செய்து ஏமாந்தவனின் ஏச்சு அது.

இந்தப் படத்தின் வில்லன் யார் என்பதைக் கவனித்தவர்கள் குறைவு. பிராமண எதிர்ப்புப் பிரச்சாரம்தானே அவர் எழுத்து என்று ஒற்றை வரியில் சொல்லிவிடுகிறோம். ஆனால் ‘வேலைக்காரி’யின் கொடியவர் வேதாசல முதலியார். ‘ரங்கோன் ராதா’வின் கொடியவர் தர்மலிங்க முதலியார். முதலியார் என்ற பட்டம் வேளாளரில் ஒரு பிரிவினருக்கு உரியது. காஞ்சிபுரத்துச் செங்குந்த நெசவாளர்களும் அதையே சூடுகிறார்கள். அண்ணா பிறந்த குலத்தின் பட்டமும் அதுதான். தம் ஊரில், தம் சபையில், தம் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்திருக்கும் பணக்காரனின் வீட்டுக்குள்தான் அவர் கதை நுழைகிறது. கூடத்தில் விபூதி மணக்கும், கணக்குப்பிள்ளை வாசலில் நிற்பார், மகளுக்குப் பெரிய இடத்தில் சம்பந்தம் பேசுவார்கள், வேலைக்காரப் பெண்ணை மகன் விரும்பினால் வீடே இடிந்து விழும். இந்த வீட்டை அவர் அறிந்திருந்தார். அவருடைய மேடைப் பேச்சைவிட அவருடைய புனைவு நேர்மையானது என்று நாம் சொல்வது இதனால்தான்.

‘ரங்கோன் ராதா’வில் அந்த வீடு இன்னும் இருண்டுவிடுகிறது. மனைவி ரங்கம் உயிரோடிருக்கையிலேயே அவளுடைய தங்கையை அடைய விரும்பும் கணவன், கட்டியவளைப் பேய் பிடித்தவள், பைத்தியக்காரி என்று ஊரை நம்பவைக்கிறான். 1944இல் வந்த ‘கேஸ்லைட்’ என்ற ஹாலிவுட் படத்தோடு இதற்குள்ள ஒற்றுமையைப் பலர் எடுத்துக்காட்டியிருக்கிறார்கள். தழுவல் என்ற சொல்லோடு பேச்சை முடித்துக்கொள்பவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். அந்த ஆங்கிலக் கதையில் கணவன் மனைவியை அவளுடைய மனத்தைக் கொண்டே குழப்புகிறான். நான்கு சுவர்களுக்குள் இரண்டு பேர் ஆடும் ஆட்டம் அது. அண்ணாவின் கதையில் கணவனுக்கு அவ்வளவு சிரமம் தேவைப்படுவதில்லை. ஊரும் உறவும் பூசாரியும் அவனுக்காக அந்த வேலையைச் செய்து கொடுத்துவிடுகிறார்கள். ஒரு பெண்ணைப் பேய் பிடித்தவள் என்று சொல்லிவிட்டால், அதன்பின் அவள் உண்மையைச் சொன்னாலும் பேய் பேசுவதாகத்தான் கேட்கும் என்ற நிலையை அண்ணா கண்டுகொண்டார். இது எந்த வெளிநாட்டுப் படத்திலிருந்தும் கிடைக்கக்கூடியதல்ல. தெருக்கோடியில் உடுக்கைச் சத்தம் கேட்டு வளர்ந்தவனுக்குத் தெரிவது.

கதையை அவர் நேராகவும் சொல்வதில்லை. ஒருவர் இன்னொருவரிடம் சொல்ல, கேட்பவர் பதற, இடைமறிக்க, மறுநாள் தொடர என்றுதான் பெரும்பகுதி நகர்கிறது. வாரத்தொடரின் தந்திரம்தான். இருந்தாலும், பைத்தியம் என்று முத்திரை குத்தப்பட்ட ஒருத்தியின் வாக்குமூலம் கடைசியில் காதுகொடுத்துக் கேட்கப்படுகிறது என்ற அமைப்பு தந்திரத்தைத் தாண்டிய ஒன்றைச் சாதித்துவிடுகிறது. நாற்பதுகளின் தமிழ் நாவலில் ஒரு குடும்பப் பெண் கணவன் தனக்கு இழைத்ததைத் தன் வாயால், அழுகையைக் குறைத்துக்கொண்டு, வரிசைப்படுத்திச் சொல்லும் இடங்களை எண்ணிப் பாருங்கள். அதிகம் தேறாது. நாவலின் பிற்பகுதி தளர்ந்து போகிறது. தற்செயல்கள் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறி உட்காருகின்றன. ஆசிரியர் அடிக்கடி மேடைக்கு வந்து நம் தோளைத் தட்டுகிறார். எல்லாம் உண்மை. இவற்றைச் சொல்வதற்கும் நாவலைப் படித்திருக்க வேண்டும் அல்லவா?

‘ஓர் இரவு’ பற்றி ஒரு கதை உண்டு. ஏவி.எம். நிறுவனத்துக்காக அதன் திரைக்கதையை அண்ணா ஒரே இரவில் உட்கார்ந்து எழுதி முடித்தார் என்பது அது. கட்சிக்காரர்கள் மேதைமைக்குச் சான்றாக இதைச் சொல்லிப் பூரிப்பார்கள். இலக்கியக்காரர்கள் அவசர எழுத்துக்குச் சான்றாக இதையே சொல்லிச் சிரிப்பார்கள். இரு சாராரும் ஒன்றை மறந்துவிடுகிறார்கள்: அது ஏற்கெனவே பலமுறை மேடையேறிய நாடகம். பார்வையாளன் எங்கே மூச்சைப் பிடித்தான், எங்கே கொட்டாவி விட்டான் என்பதெல்லாம் தெரிந்த பிரதியை 1951ஆம் ஆண்டுப் படத்துக்காக மாற்றி எழுதுவது வேறு, வெற்றுத்தாளில் தொடங்குவது வேறு. உண்மையில் பேச வேண்டியது அதன் வடிவத்தைப் பற்றி. புராணமும் சரித்திரமும் வருடக்கணக்கில் நீளும் தமிழ் நாடக மேடையில், ஒரு திருடன் ஒரு பங்களாவுக்குள் நுழையும் ஒரே இரவுக்குள் ஒரு குடும்பத்தின் பழைய பாவங்கள் அனைத்தையும் அடக்கிக் காட்ட முயன்றிருக்கிறார். அந்த நாடகத்தைப் பார்த்துவிட்டுக் கல்கி அவரை ஷாவோடும் இப்ஸனோடும் ஒப்பிட்டு எழுதினார். கல்கியின் தாராளம் ஊரறிந்தது, அதை அப்படியே ஏற்க வேண்டியதில்லை. ஆனால் அரசியலில் எதிர்முகாமில் நின்ற ஒரு காங்கிரஸ்காரர் கொட்டகைக்குச் சென்று பார்த்துவிட்டுத்தான் எழுதினார். அந்த மரியாதையைக்கூட நாம் காட்டவில்லை.

சிறுகதைகளில் ‘செவ்வாழை’ ஒன்றையாவது பாடப்புத்தகப் புண்ணியத்தில் பலர் படித்திருப்பார்கள். செங்கோடன் பிள்ளைபோல வளர்த்த செவ்வாழை குலை தள்ளுகிறது. குழந்தைகள் நாள் எண்ணிக் காத்திருக்கிறார்கள். பண்ணை வீட்டுக்குக் குலை போய்விடுகிறது. பின்னர் கிழவியின் பாடையில் கட்டுவதற்கு அந்த மரமே வெட்டப்படுகிறது. எங்கள் வீட்டுச் செவ்வாழையாக்கும் என்று சிறுவன் பெருமைப்பட்டுக்கொள்கிறான். இந்த இடத்தில் கதை நின்றிருந்தால், தமிழின் தேர்ந்த சிறுகதைகளில் ஒன்றாக எந்தத் தொகுப்பிலும் கூசாமல் சேர்த்துவிடலாம். அண்ணா நிற்கவில்லை. அச்சிறுவன் அறியாத பொது உண்மையை அடுத்த வாக்கியத்தில் ஆசிரியரே வந்து நமக்குச் சொல்லிவிடுகிறார். அவருடைய முழு எழுத்து வாழ்க்கையின் பலமும் பலவீனமும் அந்தக் கடைசி இரண்டு வாக்கியங்களுக்கு நடுவிலுள்ள இடைவெளியில் இருக்கின்றன என்று நமக்குத் தோன்றுகிறது. கண்டது கலைஞனின் கண். அதை நம்பாமல், கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பவனுக்கும் கேட்க வேண்டும் என்று குரலை உயர்த்தியது மேடை. திரைப்படத்துக்கு வருவதற்கு முன்பே இந்த வழக்கம் அவரிடம் இருந்தது. ஆகவே இதற்கும் சினிமாவைப் பழிசொல்ல முடியாது.

அடுக்குமொழி என்ற பழைய குற்றச்சாட்டையும் இங்கேயே தீர்த்துவிடுவோம். எதுகை மோனை பூட்டிய வசனம் என்றவுடன் நம் காதில் ஒலிப்பது பெரும்பாலும் ‘பராசக்தி’யும் அதைப் பின்பற்றியவர்களும்தான். குருவின் கணக்கில் சீடர்களின் செலவையும் எழுதிவிட்டோம். அண்ணாவிடமும் அடுக்கு உண்டு, தாராளமாகவே உண்டு. ஆனால் 1955 முதல் ‘திராவிட நாடு’ இதழிலும் பிற்பாடு ஊர்ப் பெயரையே தாங்கி வந்த ‘காஞ்சி’ இதழிலும் அவர் தம்பிக்கு எழுதிய கடிதங்களைப் பாருங்கள். கிளைவிட்டுப் போய், கதை சொல்லி, கேலி பேசி, நெடுநேரம் கழித்துத் தொடங்கிய இடத்துக்குத் திரும்பும் நீண்ட வாக்கியங்கள். திண்ணையில் உட்கார்ந்து பேசுகிறவரின் உரைநடை அது. வ.ரா.வின் உரைநடையைப் பற்றி நாம் கூட்டம் போட்டுப் பேசுகிறோம். இதைப் பற்றி ஏன் பேசக்கூடாது?

கட்சிக்காரர்களை விட்டுவிடுவதாக யாரும் நினைக்க வேண்டாம். அண்ணாவைப் படிக்கவிடாமல் செய்ததில் அவர்களுக்கே பெரும்பங்கு. பேரறிஞர் என்று பட்டம் கொடுத்தபின் அவர் எழுத்தை யார் எடைபோட முடியும்? சிலை வைத்தார்கள், தபால் தலை வந்தது, நூற்றாண்டையொட்டிச் சென்னையில் 2010இல் பிரம்மாண்டமான நூலகம் திறந்தார்கள். அந்த நூலகம் வேண்டும் என்று 2011இல் வழக்கு நடந்தபோது நாமும் அந்தப் பக்கம்தான் நின்றோம். ஆனால் அவருடைய நாவல்கள் 1995இல் நாட்டுடைமையான பிறகு நாம் வாங்கிய மலிவுப் பதிப்புகள் சிலவற்றில், முதலில் எந்த இதழில், எந்த ஆண்டு வெளிவந்தது என்ற குறிப்புக்கூட இல்லை. ஒற்றுப்பிழைகள் பக்கத்துக்குப் பக்கம். கம்பராமாயணத்தைக் கொளுத்துவது பற்றி 1943இல் ரா.பி. சேதுப்பிள்ளையோடும் நாவலர் சோமசுந்தர பாரதியாரோடும் மேடையில் நேருக்கு நேர் வாதாடிய மனிதர் அவர். தம் நூலை மாலை போட்டு மூலையில் வைப்பதைவிட, யாராவது எதிர்த்து வாதாட மாட்டார்களா என்றுதான் எதிர்பார்த்திருப்பார். காஞ்சிபுரத்து மக்களைப் பாருங்கள். 1957இல் அவரைச் சட்டமன்றத்துக்கு அனுப்பினார்கள். 1962இல் அதே ஊர் அவரைத் தோற்கடித்தது. ஊர்ப்பிள்ளை என்று தாட்சண்யம் பார்க்கவில்லை. சொந்த ஊர் வாக்காளனுக்கு இருந்த சுதந்திரம் இலக்கிய விமர்சகனுக்கு இல்லாமல் போயிற்று.

நம் பங்குக்கு ஒரு கடுமையான கேள்வியை முன்வைக்கிறோம். நெசவாளர் வீட்டில் பிறந்தவரின் நாவல்களில் தறி எங்கே? நாம் படித்த நாவல்கள் எதிலும் அது கதையின் நடுவில் இல்லை. ஜமீன் மாளிகை இருக்கிறது, வட்டிக்கடை இருக்கிறது, மடம் இருக்கிறது, சோழர் அரண்மனை இருக்கிறது. பிள்ளையார்பாளையத்துத் தெரு ஒன்றில், தரையில் தோண்டிய குழிக்குள் காலை விட்டு உட்கார்ந்து, முதலாளியிடம் வாங்கிய முன்பணம் தீராமல், தன் வீட்டுப் பெண்ணுக்குக் கட்டக் கிடைக்காத பட்டை நாள் முழுக்க நெய்கிறவன் இல்லை. அவனைப் பற்றி அண்ணாவுக்கு அக்கறை இல்லை என்று சொல்லிவிட முடியாது. 1953இல் கைத்தறி தேங்கி நெசவாளர்கள் கஞ்சிக்கு வழியின்றித் தவித்தபோது, துணி மூட்டையைத் தோளில் சுமந்து தெருத்தெருவாக விற்கக் கட்சிக்காரர்களை இறக்கியவர், தாமும் இறங்கியவர். அரசியல் அவனைப் பார்த்தது, நாவல் பார்க்கவில்லை. ஏன்?

இதில்தான் மேடைக்கும் சினிமாவுக்கும் உண்மையான பங்கு இருக்கிறது என்று நாம் சந்தேகிக்கிறோம். நாற்பதுகளின் நாடகக் கொட்டகையிலும் ஸ்டுடியோவிலும் தயாராக நின்றது மாளிகையின் கூடம்: மாடிப்படி, சோபா, சுவரில் பெரியவர் படம். ஏழை அந்தக் கூடத்துக்குள் வந்துதான் வசனம் பேச வேண்டும். சுந்தரம் பிள்ளை தூக்கில் தொங்கலாம், அதற்கு ஒரு மரம் போதும். ஆனால் அவன் அன்றாடம் என்ன வேலை செய்தான், அந்த வேலையில் அவன் கை எப்படிப் பழகியது என்பதைக் காட்ட அன்றைய திரையில் இடமே இல்லை. பாவு தோய்வது, கோர்வை பிடிக்க இன்னொரு கை தேவைப்படுவது, அதற்கு வீட்டுப் பையனைப் பள்ளியிலிருந்து நிறுத்துவது என்பவை வசனமாக மாறாத விஷயங்கள். வசனமாக மாறாததை அண்ணா எழுதுவதில்லை. பிற்பாடு காஞ்சிபுரத்து நெசவாளன் திரைக்கு வந்தான். பிரியதர்ஷன் எழுதி இயக்கிய ‘காஞ்சிவரம்’ படத்தில், மகள் கல்யாணத்துக்குப் பட்டு நெய்யப் பட்டிழையைத் திருடுகிறவனாக வந்தான். 2007ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் சிறந்த படம் அது; பிரகாஷ்ராஜுக்கும் நடிப்புக்கான விருது கிடைத்தது. எழுதியவர் மலையாளி. அந்தப் படத்தில் முக்கியமானவை எல்லாம் பேச்சில்லாத காட்சிகள்தாம்.

இப்படியெல்லாம் கேட்டு அண்ணாவோடு சண்டை பிடிக்க வேண்டும் என்பதே நம் விருப்பம். ‘எழுத்து’ தொடங்கிய 1959இல் அண்ணா எழுதிய ‘தாய் மகளுக்குக் கட்டிய தாலி’யும் வெளிவந்தது, ஒன்று மற்றொன்றை ஏறிட்டும் பார்க்கவில்லை. அன்றைக்கு அதற்கு நியாயம் இருந்திருக்கலாம். அறுபது ஆண்டுக்கு மேல் ஆகிவிட்டது. தேர்தல் கணக்குகள் மாறிவிட்டன, வசனம் எழுதிய நாவலாசிரியர்களைப் பற்றிய நம் கூச்சமும் போய்விட்டது. இன்னும் ‘படம் பார்த்திருக்கிறேன்’ என்று பதில் சொல்லிக்கொண்டிருக்க முடியாது.

தொடங்க விரும்புகிறவர்கள் ‘செவ்வாழை’யில் தொடங்கலாம், கடைசி வாக்கியத்தைக் கையால் மறைத்துக்கொண்டு ஒருமுறை, மறைக்காமல் ஒருமுறை. பிறகு ‘ரங்கோன் ராதா’. முடிந்தால் ‘ஓர் இரவு’ நாடகத்தைப் படித்துவிட்டு 1951ஆம் ஆண்டுப் படத்தையும் பார்த்து எது எங்கே மாறியது என்று குறித்துவைத்து எழுதுங்கள், வெளியிடுகிறோம். தம்பிக்குக் கடிதங்களில் ஏதாவது பத்து. ‘கலிங்கராணி’யைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளலாம், அதைப் பற்றி நமக்குள்ளேயே இரண்டு கட்சி இருக்கிறது.